அடையாளம் சொல்ல ஒருவர்

"வாய் திறந்திருக்கிறது" என்று டேப்லெட் மறுபடியும் சொன்னது. அதைத் தூக்கி ஜன்னல் வழியாக வீசிவிடலாம் போலிருந்தது ஏவ்ரிலுக்கு.

அந்த வீட்டில் சுவர் என்று எதைப் பார்த்தாலும் பூப்போட்ட காகிதம் ஒட்டியிருந்தது. வெறுமையாக, வெளிர் நிறமாக இருந்தது குளியலறைக் கதவு மட்டும்தான். பாஸ்போர்ட் போட்டோ எடுக்க அதன் முன்னால் ஒரு ஸ்டூலைப் போட்டுப் புருஷனை உட்காரவைத்திருந்தாள். மூன்று குளிர்காலங்களுக்கு முன்னால் ஹெட்லி தன் கீழ்த்தாடையில் பாதியைப் புற்றுநோய்க்குக் கொடுத்துவிட்டான். காலிலிருந்து எலும்பும் சதையும் எடுத்துத் தைத்து டாக்டர்கள் அவனுக்கு ஒரு முகம் செய்து கொடுத்தார்கள். கெட்டிக்கார டாக்டர்கள்தான், குறை சொல்வதற்கில்லை. ஆனால் உதடுகள் இரண்டும் ஒன்றையொன்று தொடாது. எச்சிலைத் துடைக்க எந்நேரமும் கையில் ஒரு துணி வைத்திருப்பான்.

"சிரிக்கக் கூடாதுன்னு வேற போட்டிருக்கான்," என்றாள்.

"சிரிக்கிறதுக்கு வாய் வேணுமேடி," என்றான் ஹெட்லி. அவன் பேச்சு மற்றவர்களுக்குக் கொழகொழவென்று ஒரு சத்தமாகத்தான் கேட்கும். ஏவ்ரிலுக்கு ஒரு சொல் விடாமல் புரியும்.

"ஆடாம உக்காரு. அந்தக் காலத்துல நீ ஓட்டின பஸ்ஸே இவ்வளவு ஆடினதில்ல."

இந்த அவசரம் மகளுக்காக. பிரையொனி கல்யாணமாகி நார்வேயில், பெர்கனில் இருந்தாள். அவளுக்கு மாதம் நிறையாமல் ஒரு பெண் குழந்தை பிறந்து, இன்னும் ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தது. அதை விட்டுவிட்டு அவள் எங்கே வருவது? இங்கேயோ ஹெட்லிக்கு நோய் திரும்பி வந்து நுரையீரலில் குடியேறிவிட்டது. டாக்டரம்மா மூடி மறைக்கிற ஆள் இல்லை. "பறக்கணும்னா இப்பவே பறந்துடுங்க. கிறிஸ்துமஸ் வரைக்கும் பறக்கலாம்னு நான் கடுதாசி எழுதித் தரேன். அதுக்கப்புறம் நானே வேணாம்னுதான் சொல்லுவேன்," என்றாள். வீட்டுக்கு வந்து பாஸ்போர்ட்டைத் தேடி எடுத்தால், அது காலாவதியாகிப் பல மாதம் ஆகியிருந்தது. ஆஸ்பத்திரியைத் தவிர வேறெங்கும் போகாதவர்களுக்கு அது எப்படித் தெரியும்?

போய்த்தான் தீருவேன் என்று ஹெட்லி நின்றதற்கு ஒரு காரணம் இருந்தது. ஒருநாள் கஞ்சி மாதிரி அரைத்த சூப்பைக் குடித்துக்கொண்டே சொன்னான். "என் பழைய மூஞ்சிய பாக்காத ஒரே ஆளு அந்தக் குழந்தைதான். அதுக்கு நான் இப்படித்தான். அது கிட்ட போய் கொஞ்ச நேரம் உக்காந்திருக்கணும்." அன்றைக்குப் பாத்திரம் கழுவும்போது ஏவ்ரில் குழாயைப் பெரிதாகத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதாள்.

உதடு ஏன் மூடவில்லை என்பதற்கு விண்ணப்பத்தில் இருக்கும் ஒரு கட்டத்துக்குள் காரணம் எழுதினால் போதும் என்பதைக் கடைசியில்தான் கண்டுபிடித்தாள். அதைத் தாண்டினால் அடுத்த பக்கத்தில் வேறொன்று காத்திருந்தது. பழைய படத்துக்கும் புதிய படத்துக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. ஆகவே இரண்டும் ஒரே ஆள்தான் என்று யாராவது உறுதி சொல்ல வேண்டும். சொந்தக்காரராக இருக்கக் கூடாது, பல வருஷம் பழகியவராக இருக்க வேண்டும், நாலு பேர் மதிக்கிற வேலையில் இருப்பவராகவோ இருந்தவராகவோ இருக்க வேண்டும்.

"பக்கத்து வீட்டு நஸ்ரீனைப் போட்டுடறேன்," என்றாள் ஏவ்ரில். நஸ்ரீன் மருந்துக்கடையில் பார்மசிஸ்ட். ஹெட்லியின் மருந்துகளை வேலை முடிந்து வரும்போது அவளே கொண்டுவந்து தருவாள்.

"கிளைவ்," என்றான் ஹெட்லி.

"எந்தக் கிளைவ்?"

"எத்தனை கிளைவ் இருக்கான்?"

கிளைவ் ஆக்டன் பேங்க்கில் இருந்து ஓய்வு பெற்றவன். அடுத்த தெருவில்தான் வீடு. புல்தரையில் பந்து உருட்டி விளையாடுகிற ஊர் பௌல்ஸ் கிளப்பில் அவனும் ஹெட்லியும் கல்யாணத்துக்கு முன்பிருந்தே ஜோடி. ஆபரேஷன் முடிந்த வாரம் ஆஸ்பத்திரிக்கு வந்தான். வார்டு கதவுக் கண்ணாடி வழியாகப் பார்த்தான். கொண்டுவந்த திராட்சையை நர்ஸ் மேஜையில் வைத்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டான். தாடை இல்லாதவனுக்குத் திராட்சை! அதற்குப் பிறகு வருஷத்துக்கு ஒரு கிறிஸ்துமஸ் கார்டு, அவ்வளவுதான்.

"அந்த ஆளா? செத்தியா இருக்கியான்னு எட்டிப் பாக்காத ஆளா?"

"பயந்துட்டான். அவ்வளவுதான். போட்டோவ ஒரு தடவை பாத்துட்டான்னா பழகிடும். அப்புறம் வருவான்."

"இது உன் சிநேகிதத்த ஒட்டவைக்கிற நேரமா? நமக்கு நாள் இல்ல, ஹெட்லி."

"என் பாஸ்போர்ட்டு. என் மூஞ்சி. கிளைவ்னு போடு."

போட்டாள். சாகப்போகிறவனோடு எவ்வளவு நேரம்தான் மல்லுக்கட்டுவது? பழைய பாஸ்போர்ட்டையும் அன்றைக்கே தபாலில் சேர்த்துவிட்டாள்.

அதன் பிறகு காலையில் கெட்டிலைப் போட்டதும் டேப்லெட்டைத் திறப்பது வழக்கமாயிற்று. "உங்களை உறுதிப்படுத்தும் நபரின் பதிலுக்காகக் காத்திருக்கிறோம்." மறுநாளும் அதே. கிளைவுக்குப் போன் செய்தாள், எடுக்கவில்லை. ஹெட்லி மட்டும், "அவனுக்கு கம்ப்யூட்டர் சரியா வராது," என்று அவனுக்காகச் சாக்குச் சொல்லிக்கொண்டிருந்தான். நவம்பர் பிறந்து மழை பிடித்துக்கொண்ட ஒரு காலையில் ஒரு மின்னஞ்சல் வந்தது. நீங்கள் குறிப்பிட்ட நபரால் உங்கள் அடையாளத்தை உறுதிப்படுத்த இயலவில்லை. வேறொருவரைக் குறிப்பிடவும். உங்கள் விண்ணப்பம் கூடுதல் பரிசீலனைக்கு எடுத்துக்கொள்ளப்படும்.

ஏவ்ரில் கோட்டை மாட்டிக்கொண்டு நேரே கிளப்புக்குப் போனாள். புல்தரையைக் குளிர்காலத்துக்கு மூடியிருந்தார்கள். உள்ளே ஹீட்டரைச் சுற்றிக் கிழவர்கள் டோமினோ ஆடிக்கொண்டிருந்தார்கள். அவளைப் பார்த்ததும் கிளைவ் எழுந்து வெளியே வந்தான், மற்றவர்கள் காதில் விழக் கூடாதே என்று.

"என்ன கிளைவ் பண்ணி வச்சிருக்க?"

"உள்ளத உள்ளபடி சொன்னேன், ஏவ்ரில். போட்டோவப் போட்டு, இது அவர்தானான்னு கேட்டான். எவ்வளவு நேரம் பாத்தேன் தெரியுமா? எனக்கு நிஜமாவே தெரியல."

"பேரு போட்டிருந்துச்சுல்ல? பொறந்த தேதி? உங்க வீட்டு நாய்க்குக்கூடத் தெரிஞ்ச எங்க அட்ரஸு?"

"பேரு யாரு வேணும்னாலும் போடலாம். காலம் பூரா பேங்க்ல கையெழுத்த ஒத்துப் பாத்து உக்காந்தவன் நான். தெரியாதத தெரியும்னு எப்படிச் சொல்றது?"

"அடுத்த தெருதானே? பொடிநடையா வந்து நேர்ல பாத்துட்டுச் சொல்ல வேண்டியதுதானே?"

கிளைவ் தொப்பியைக் கழற்றினான், மறுபடியும் போட்டுக்கொண்டான். "வந்தா பாக்கணுமே," என்றான்.

அவன் சொன்னதிலேயே உண்மையான பேச்சு அது ஒன்றுதான். ஏவ்ரிலுக்கு அவனை அறைய வேண்டும் போலிருந்தது. அறையவில்லை. அதற்காகப் பின்னால் அவள் வருத்தப்பட்டாள்.

வீட்டில் ஹெட்லி காத்திருந்தான். மழுப்பலாம் என்றுதான் வந்தாள், ஆனால் அவன் கண்ணைப் பார்த்ததும் உண்மை வந்துவிட்டது. அவன் துணியால் முகவாயை மெல்லத் துடைத்துக்கொண்டான். "அவன் பொய் சொல்ல மாட்டான்," என்றான். "தெரியலன்னா தெரியலன்னுதான் சொல்லணும்."

"அவனுக்கு நீ ஒண்ணும் வக்காலத்து வாங்க வேணாம்."

"நானே சில நாளு ஷேவ் பண்றப்போ யாருடா இதுன்னு பாக்குறேன்டி."

அன்று மாலையே நஸ்ரீன் வந்து, சமையலறையில் நின்றபடி தன் போனில் உறுதி சொல்லிவிட்டாள். "இதுல யோசிக்க என்ன ஆன்ட்டி இருக்கு? வாரா வாரம் பாக்குற முகம்தானே," என்றாள். கெட்டிலில் தண்ணீர் கொதிப்பதற்குள் வேலை முடிந்துவிட்டது. ஆனால் பரிசீலனை என்று போன விண்ணப்பம் எங்கேயோ வரிசையில் போய் நின்றுகொண்டது. ஏவ்ரில் போன் செய்து காத்திருந்து, சங்கீதம் கேட்டு, கெஞ்சி, மறுபடியும் சங்கீதம் கேட்டாள். டாக்டரம்மாவின் கடுதாசியை அனுப்பினாள். "பார்க்கிறோம்" என்றார்கள். கிறிஸ்துமஸ் வந்து போயிற்று.

பாஸ்போர்ட் ஜனவரியில் வந்து சேர்ந்தது. அதே வாரம் டாக்டரம்மாவும் வந்து, முதுகில் குழாயை வைத்து ரொம்ப நேரம் கேட்டாள். பிறகு கட்டிலில் உட்கார்ந்து ஹெட்லியின் கையைப் பிடித்துக்கொண்டாள். விமானத்தை விடுங்கள், மாடிப்படிகூட இனி அவனுக்கு ஆகாது. கட்டிலை முன்னறைக்கு இறக்கி, பக்கத்தில் ஆக்ஸிஜன் மெஷினை வைத்தார்கள். குழந்தையைப் பெட்டியிலிருந்து எடுத்துவிட்டார்கள், பால் குடிக்கிறது என்று பிரையொனி போனில் சொன்னாள். சொல்லிவிட்டு அவளும் அழுதாள். ஹெட்லி யாரையும் எதுவும் சொல்லவில்லை. கிளைவ் வந்தானா என்று மட்டும் எப்போதாவது கேட்பான்.

ஆலங்கட்டி மழை பெய்த ஒரு மத்தியானம் மணி அடித்தது. கதவைத் திறந்தால் கிளைவ். மீசையெல்லாம் தண்ணீர். கையில் எதுவும் கொண்டுவரவில்லை.

"விமானத்துல போக முடியாதுன்னு நஸ்ரீன் சொன்னா," என்றான். "என்னால ஆனது. தூக்கம் வரல, ஏவ்ரில். உள்ள விடு. இந்தத் தடவை பாத்துடறேன். சத்தியமா பாத்துடறேன்."

இத்தனை மாதமும் அவள் எதிர்பார்த்திருந்தது இதைத்தான். ஹெட்லி எதிர்பார்த்திருந்ததும் இதைத்தான். ஆனால் கிளைவின் முகத்தைப் பார்த்ததும் அவளுக்குள் ஏதோ கல்லாகிவிட்டது.

"நீங்க யாருங்க?" என்றாள்.

"ஏவ்ரில்..."

"எனக்கு அடையாளம் தெரியலையே. பேரு யாரு வேணும்னாலும் சொல்லலாம். நீங்க இன்னார்தான்னு சொல்ல யாராவது இருந்தா கூட்டிட்டு வாங்க."

கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாளையும் போட்டாள். நன்றாக இருந்தது. ரொம்ப நாளைக்குப் பிறகு ஒன்று நன்றாக இருந்தது.

"யாரு?" என்றான் ஹெட்லி உள்ளேயிருந்து.

"கூரியர்க்காரன். வீடு மாறி வந்துட்டான்."

"கிளைவ் குரல் மாதிரி கேட்டுச்சு."

"இல்ல."

முன்னறைக்கு வந்தாள். ஜன்னல் வழியே பார்த்தால் கேட்டுக்கு அந்தப் பக்கம் கிளைவ் இன்னும் மழையில் நின்றுகொண்டிருந்தான். கண்ணாடியை ஒரு தட்டுத் தட்டினால் போதும், திரும்பிப் பார்ப்பான். அவள் கை எழவில்லை. திரையை இழுத்து மூடினாள்.

திரும்பினால், ஹெட்லி எப்படியோ எழுந்து தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். மூக்கில் குழாய் ஒரு பக்கம் நழுவியிருந்தது. முகவாயைச் சுத்தமாகத் துடைத்திருந்தான். கையில் சீப்பு. இருந்த நாலு முடியையும் நேர்வகிடெடுத்து வாரியிருந்தான்.

"சும்மாதான் கேட்டேன்," என்று சொல்லிச் சீப்பை அவளிடம் நீட்டினான்.