துரைசானியின் செடிக்கு ஊற்றியது யார்?

1

இந்தக் கதை என் கற்பனையில் உதித்ததல்ல. கொட்டாஞ்சேனையில் ஒரு முப்பத்தோராம் நாள் பூசை முடிந்து, சாப்பாட்டு மேசையில் எல்லாரும் சிரித்துக்கொண்டிருந்தபோது களவெடுத்தேன். செத்துப்போனவர் கிளறன்ஸ், துறைமுகத்தில் கிளாக்கராக இருந்து பென்ஷன் எடுத்தவர். ஒவ்வொரு நத்தார்ப் பண்டிகைக்கும் அவர் சொல்லுகிற பகிடியை அன்றைக்கு அவருடைய தம்பி ஒஸ்வால்ட் எடுத்துச் சொன்னார். வெள்ளைக்காரத் துரைசானியின் அருமைச் செடிக்கு, கிளறன்ஸின் மனைவி புளோறன்ஸ் மீன் கழுவிய தண்ணீரை ஊற்றிக் கொன்ற கதை. மேசை குலுங்கச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

கறிச்சட்டியோடு நின்ற புளோறன்ஸ் மெதுவாகச் சொன்னார்: “அதுக்கு நான் ஒண்டும் ஊத்தேல்லை.”

எனக்கு மட்டும்தான் கேட்டது. கேளாததுபோல், “சொதியை இங்கால தாங்கோ” என்றேன்.

2

முதலில் எழுதிய தொடக்கம்: “1936ஆம் ஆண்டு பங்குனி மாலையில், கடற்காற்று கொழும்பின் மேல் மெல்ல—”

இல்லை. கொட்டாஞ்சேனை லைன் வீடுகளுக்குள் கடற்காற்று வந்ததாக எவரும் என்னிடம் சொன்னதில்லை.

இரண்டாவது: “ஒஸ்திரேலியாவின் மேற்குக் கரையில், மழை குறைந்த மணல்வெளியில், இடுப்பளவு புதராக வளர்கிற செடி அது. விறைத்த ஒடுங்கிய இலை. போத்தல் கழுவுகிற பிரஷ் மாதிரி மஞ்சள் பூ.” இது பரவாயில்லை, இருக்கட்டும்.*

* பெயர் பாங்ஸியா என்று நினைக்கிறேன். அதில் நூற்றுக்கு மேல் வகை உண்டாம், எந்த வகை என்று சொல்லச் சாட்சி இல்லை. நூலகத்தில் ஒன்று படித்தேன்: பட்டினி மண்ணில் பழகிய வேராம், கொழுத்த எருவைப் போட்டால் செத்துவிடுமாம். இதை வாழ்க்கைக்கு உவமையாக்கக் கை துறுதுறுக்கிறது. மாட்டேன்.

3

துரைசானி, துறைமுகத்தில் கிளறன்ஸுக்கு மேலிருந்த துரையின் மனைவி, அந்த மணல்வெளிப் பக்கம் பிறந்தவர். கப்பலில் வரும்போது தன் ஊர் மணலோடு அந்தச் செடியைத் தொட்டியில் கொண்டுவந்தார். ஏப்ரலில் நுவரெலியாவுக்குப் போகவேண்டும். பங்களாத் தோட்டக்காரனில் அவருக்கு நம்பிக்கை இல்லை. போன நத்தாருக்குக் கிளறன்ஸ் கொண்டுவந்து கொடுத்த றோசாப்பூக்கள் நினைவுக்கு வந்தன. (புளோறன்ஸ் வளர்த்தவை. மீன் கழுவிய தண்ணீரில் கொழுத்தவை. அந்தத் தண்ணீரைச் சாக்கடைக் கானில் ஊற்றுகிறவளைக் கொட்டாஞ்சேனையில் ஊதாரி என்பார்கள்.)

கிளறன்ஸ் அப்போது ஏழு வருடமாக டெம்பரரி கிளாக்கர். துரை ஒரு கடிதம் எழுதினால் வேலை நிரந்தரம். எழுதாவிட்டால் எந்தச் சனிக்கிழமையும் வீட்டுக்கு அனுப்பிவிடலாம். புளோறன்ஸ் மூன்று மாதக் கர்ப்பிணி. செடி ரிக்‌ஷாவில் ஏறிக் கொட்டாஞ்சேனை வீட்டுக்கு வந்தது. கிளறன்ஸ் பின்னால் நடந்து வந்தார்.

“கிழமைக்கு ஒருக்காக் கொஞ்சத் தண்ணியாம். வேற ஒண்டும் போட வேண்டாமாம்” என்றார்.

மூன்று கிழமை அப்படியே நடந்தது. ஒரு மொட்டு வந்தது. ஆனால் விரியவில்லை. அவருக்குப் பொறுமை போய்விட்டது.

“மெடம் வரேக்க இது பூத்து நிக்க வேணும், புளோரி. அவ துரையிட்ட ஒரு சொல்லுச் சொன்னா என்ட அலுவல் சரி. அந்த மீன் தண்ணியைக் கொண்டா.”

“சும்மா விடுங்கோ. வேண்டாமெண்டுதானே சொன்னவ?”

“உன்ட றோசாவுக்கு மட்டும் ஊத்திறாய்?”

“றோசா எனக்குத் தெரிஞ்ச செடி. இதைப் பற்றி எனக்கு என்ன தெரியும்?”

அவர் சாளை கழுவிய சட்டியைத் தானே தூக்கிக்கொண்டு போனார். அடுத்த நாளும் போனார். பத்து நாள் இப்படி ஊற்றினார். இலைகள் நுனியிலிருந்து கருகத் தொடங்கின.

4

இந்த இடத்தில் கிளறன்ஸைக் கெட்டவராக எழுதப் பார்த்து மூன்று தாள் கிழித்தேன். அவர் குடிக்கிறவர் அல்ல, கைநீட்டுகிறவரும் அல்ல. பயந்தவர். கெட்டவராக இருந்திருந்தால் எனக்கு வேலை சுலபம்.

இனியும் மறைப்பது மரியாதையில்லை. கிளறன்ஸ் என் அப்பா. அந்த மூன்று மாதக் கர்ப்பம் நான்தான்.

[மேலே ‘புளோறன்ஸ்’ என்று வருகிற இடமெல்லாம் ‘அம்மா’ என்று திருத்தியிருக்கலாம். திருத்தப் போனேன். ஆத்திரம் வந்து வசனம் கெட்டுப்போகிறது. அப்படியே விட்டேன்.]

பூசை முடிந்து ஒரு கிழமைக்குப் பிறகு, அன்று சொன்னது என்ன என்று அம்மாவிடம் கேட்டேன். குசினியில் வெங்காயம் உரித்தபடி முழுவதையும் கால்மணி நேரத்தில் சொல்லிமுடித்தார். கடைசியில், “இதை எங்கயும் எழுதிப்போடாதை மகன். அப்பா பாவம்” என்றார். ஓம், எழுதமாட்டேன் என்றேன்.

5

கொள்ளுப்பிட்டிப் பங்களா விறாந்தை. காய்ந்த செடியை இருவருமாகக் கொண்டுபோனார்கள். துரைசானி தொட்டிக்கு முன்னால் குந்தியிருந்து அழுதார். ஊரிலிருந்து அவரோடு வந்த ஒரே உயிர் அது. அந்த அழுகையைக் கேலிசெய்ய எனக்கு மனம் வரவில்லை.

அப்பா இங்கிலீசில் பேசினார். என் மனைவி ஒன்றும் தெரியாதவள், தடுத்தும் கேளாமல் மீன் தண்ணீரை ஊற்றிவிட்டாள், மன்னிக்கவேண்டும் என்றார். அவளுக்கு விளங்காது என்ற துணிவில் சொல்லவில்லை. மடத்துச் சிஸ்டர்மாரிடம் அம்மா ஏழாம் வகுப்புவரை இங்கிலீசில் படித்தவர் என்று அப்பாவுக்குத் தெரியும். விளங்கும் என்று தெரிந்துதான் சொன்னார்.

துரைசானி நிமிர்ந்து அம்மாவைப் பார்த்தார். “நீயா செய்தாய்?”

அம்மா ஓம் என்று தலையாட்டினார்.

இப்படி ஒருத்தியோடு இந்த மனுசன் படுகிற பாட்டைப் பார் என்று துரைசானிக்கு அப்பாவின் மேல் இரக்கம் வந்துவிட்டது. ஆடி மாதம் நிரந்தர நியமனக் கடிதம் வந்தது.

அதோடு முடிந்திருந்தால் நான் மன்னித்திருப்பேன். அந்த நத்தாருக்கே அப்பா அதைப் பகிடியாகச் சொல்லத் தொடங்கினார். முப்பத்தெட்டு நத்தார். ஒவ்வொரு தடவையும் அம்மா கேக் தட்டோடு பக்கத்தில் நின்றார். போகப் போக அப்பா அதை உண்மையென்றே நம்பிவிட்டார் என்று நினைக்கிறேன்.

6

முடிவுகள்.

(அ) அம்மா அன்றே முகத்துவாரத்தில் தன் தங்கச்சி யோசெப்பினின் வீட்டுக்குப் போய்— வயிற்றில் பிள்ளையோடு எத்தனை நாளைக்கு? விட்டேன்.

(ஆ) சாகக் கிடந்த அப்பா அம்மாவின் கையைப் பிடித்து மன்னிப்புக் கேட்கிறார். வாசகருக்குப் பிடிக்கும். ஆனால் கடைசியாக அவர் கேட்டது குடிக்கக் கொஞ்சம் தேசிக்காய்த் தண்ணீர்தான்.

(இ) “நீயா செய்தாய்?” “நோ, மெடம்.”

மூன்றாவதைப் பதினொரு தடவை எழுதிப் பார்த்துவிட்டேன். ‘நோ’ என்று எழுதியதும் மனம் கணக்குப் போடுகிறது. அப்பாவுக்கு வேலை இல்லை. எனக்குக் கொலேஜ் இல்லை, வெள்ளவத்தையில் இந்த வீடு இல்லை, உட்கார்ந்து எழுத இந்த மேசையும் இல்லை. உடனே அதை வெட்டி அம்மாவை மறுபடியும் தலையாட்ட வைத்துவிடுகிறேன். நான் அப்பாவின் பிள்ளைதான். வெட்கமாக இருக்கிறது.

ஆகவே உங்களிடம் விடுகிறேன். துரைசானி கேட்டுவிட்டார். அப்பா தரையைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். அம்மா வாயைத் திறக்கிறார். அந்தச் சம்பளத்தில் நீங்கள் ஒரு பிடி சோறும் சாப்பிடவில்லை. நீங்கள் எழுதலாம்.