ஐந்தாவது புத்தகம்

நடமாட முடியாத வாசகர்களின் வீட்டுக்கு எங்கள் நூலகத்திலிருந்து வாரம் ஒரு பை போகும். பையில் ஐந்து புத்தகம். நான்கு, வாசகர் எழுதிக் கேட்டவை. ஐந்தாவது, அவர் கேட்காதது. நாவலாகப் படிப்பவருக்குத் தேனீக்களைப் பற்றி ஒன்று. கணக்கு வாத்தியாருக்கு ஒரு கொலைக்கதை. அந்த ஐந்தாவதைத் தேர்ந்தெடுப்பது என் வேலை. சிலருக்குக் கண்டுபிடிக்க ஒரு மாதம் பிடிக்கும்.

அதை நிறுத்தியவர் என் பழைய மேலதிகாரி. ஒரு கூட்டத்தில், நான் தேர்ந்தெடுத்த நத்தைகள் பற்றிய புத்தகத்தைத் தூக்கிக் காட்டினார்.

"இதை யாரு கேட்டா?"

எல்லோரும் சிரித்தார்கள்.

"கேட்டதைக் குடும்மா. ஊருக்கு ரசனை கத்துக்குடுக்கவா உனக்குச் சம்பளம்?"

மறுநாள் சுற்றறிக்கை வந்தது: கேட்டதை மட்டுமே கொடுக்க வேண்டும். என்னைக் கிழிந்த அட்டை ஒட்டும் அறைக்கு மாற்றினார். ஒன்பது வருடம் பசை தடவினேன். அந்தப் பக்கம் வரும்போதெல்லாம் எட்டிப் பார்த்து, "என்ன நத்தை, சௌக்கியமா?" என்பார்.

அவர் ஓய்வு பெற்றார். புது அதிகாரி சுற்றறிக்கையை ரத்து செய்து, பையை என்னிடம் திருப்பிக் கொடுத்தார். அந்த மழைக்காலத்தில் பழையவர் மாடிப்படியில் வழுக்கி இடுப்பை முறித்துக்கொண்டார். வாசகர் பட்டியலில் அவர் பெயர் வந்தது. இரண்டு முறை படித்துப் பார்த்துக்கொண்டேன்.

படிவத்தில் 'போர் வரலாறு' என்று எழுதியிருந்தார். ஐந்தும் போர் வரலாறு கொண்டுபோனேன். அடுத்த வாரமும் ஐந்து. அதற்கடுத்த வாரமும்.

அவர் மனைவிக்கு முழங்கால் வலி. அந்த அம்மாவுக்கும் ஒரு பை உண்டு, ஐந்தாவதோடு. கடிதத் தொகுப்பு, பேய்க்கதை, ரொட்டியின் வரலாறு. பக்கத்து அறையில் படுத்துக்கொண்டு சத்தம் போட்டுச் சிரிப்பார்.

"உங்க சிரிப்பு எதுக்குன்னு சார் கேக்கறதில்லையா?" என்றேன்.

"கேட்டா சொல்லுவேன். கேக்கறதுக்கு அவருக்கு வாய் வரணுமே."

பழையவருக்கான ஐந்தாவதை எப்போதோ கண்டுபிடித்துவிட்டேன். அலுவலக லிஃப்ட் கெட்டுப்போனால் மெக்கானிக் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிடுவார். அவர் நடத்த வேண்டிய கூட்டம் காத்திருக்கும். லிஃப்ட் பழுதுபார்க்கும் ஒருவர் எழுதிய நாற்பது வருட நாட்குறிப்பு எங்களிடம் இருந்தது. அவருக்காகவே எழுதியது போல இருக்கும். ஒவ்வொரு புதனும் அதைப் பையில் வைத்து எடுத்துப்போனேன். திருப்பி எடுத்துவந்தேன்.

ஏழாவது மாதம் அவர் புத்தகங்களைத் தொடவில்லை.

"என் சுற்றறிக்கை ரத்தாயிடுச்சாமே?"

"ஆமா சார். போன வருஷமே."

"அப்ப எனக்கு மட்டும் ஏன்?"

"உங்க உத்தரவுக்கு ஒரு ஆளாவது மரியாதை குடுக்க வேண்டாமா?"

பக்கத்து அறையில் பக்கம் புரளும் சத்தம் நின்றது. சார் முகத்தை என் பக்கம் திருப்பினார்.

"செத்தவங்க கணக்கையே எத்தனை நாள் படிக்கிறது? வேற ஏதாவது குடும்மா."

இந்த ஒரு வாக்கியத்துக்காகத்தான் ஏழு மாதம் மாடி ஏறினேன். கேட்டதும் கொடுத்துவிடலாம் என்றுதான் நினைத்திருந்தேன். நாட்குறிப்பை வெளியே எடுத்தேன். முன் அட்டையில் பேர் இல்லை, ஒரு இரும்புச் சக்கரமும் கம்பி வடமும் மட்டும். அவர் கை நீண்டது. அந்தக் கை அன்று நத்தைப் புத்தகத்தைத் தூக்கிக் காட்டிய விதம் ஞாபகம் வந்தது.

"பேர் சொல்லுங்க சார், தரேன்."

"பேர் எனக்கு எப்படித் தெரியும்?"

"தெரியாததை எப்படிக் கேட்பீங்க?"

புத்தகத்தைப் பையில் போட்டேன். ஐந்து போர்களைக் கட்டில் ஓரத்தில் அடுக்கினேன். அவர் மனைவியிடம் சொல்லிக்கொண்டு இறங்கினேன்.

கீழ் வீட்டுத் தையல்காரருக்குக் கால் வராது. அவருக்கு அந்த வாரம் ஐந்தாவதாக வேறு புத்தகம் வைத்திருந்தேன். அதற்குப் பதில் நாட்குறிப்பைக் கொடுத்தேன். வாசலில் உட்கார்ந்திருந்தவர் அங்கேயே பிரித்துப் படிக்க ஆரம்பித்துவிட்டார்.

தெருவுக்கு வந்தேன். மேலே ஜன்னல் திறந்தது. அவர் மனைவி எட்டிப் பார்த்தார்.

"அந்தப் புத்தகத்தோட பேர் என்னன்னு கேக்கறாரு!"

"அடுத்த புதன் சொல்றேம்மா!"

சொல்லப்போவதில்லை.