ஏக்கர் நானூறு

ராஜேந்திரன் என் வீட்டு வாசலில் வந்து நின்றபோது எனக்கு வயிறு குளிர்ந்தது. நாலு வருஷமாக நான்தான் அவனைத் தேடி மலையிறங்கிப் போனேன். அவன் என்னைத் தேடி வந்தது இதுதான் முதல் தடவை. புதூர்நாடு வரை ஜீப், அதற்குமேல் மூன்று மைல் நடை. நாக்குத் தள்ளிப்போய்த் தண்ணீர் கேட்டான். கொடுத்தேன். தண்ணீர் இல்லை என்று சொல்கிற அளவுக்கு நான் இன்னும் கெட்டுப்போகவில்லை.

அவன் அடிவாரத்துப் புளி வியாபாரி. எழுபத்தொன்பதில் என் புருஷன் ரங்கனுக்கு வயிற்றில் கட்டி வந்தது. வேலூரில் ஆபரேஷன் செய்யப் பணம் வேண்டும். எங்கள் ஆறு ஏக்கரில் நாலு ஏக்கரை எட்டாயிரத்துக்குப் பேசி அவனுக்கு விற்றோம். மலையில் எங்கள் ஜனங்களுக்குள் நிலம் கைமாறினால் வாய்ப்பேச்சோடு சரி, பத்திரம் என்ற ஒன்றை நாங்கள் கண்டதில்லை. அவன்தான் கீழே கூட்டிக்கொண்டு போய் எழுதினான். விலை ஆயிரத்து அறுநூறு என்று எழுதினான்.

"கம்மியா எழுதினா முத்திரைச் செலவு கொறையும் மங்கம்மா. எல்லாரும் இப்பிடித்தான் எழுதுறாங்க" என்றான்.

நானும் ரங்கனும் கைநாட்டு வைத்தோம். கையில் தந்ததும் அந்த ஆயிரத்து அறுநூறுதான். மீதி அடுத்த வாரம் என்றான். அந்தப் பாழாய்ப்போன வாரம் வரவே இல்லை. ஏழு தடவை போய்க் கெஞ்சினேன். ஏழாவது தடவை பத்திரத்தை என் முகத்துக்கு நேரே ஆட்டினான். "இதுல இன்னா எழுதிக்கீதோ அதான் வெல. போய்ட்டு வா." ஆஸ்பத்திரி வாசலையே மிதிக்காமல் ரங்கன் வீட்டிலேயே செத்தான். அன்றிலிருந்து ராஜேந்திரன் நாசமாகப் போகவேண்டும் என்று நினைக்காமல் நான் ஒரு வாய் களி தின்றதில்லை.

இப்போது எண்பத்து மூன்று. ஏரி கட்டுவதற்கு அரசாங்கம் அவனுடைய நாலு ஏக்கரையும் எங்களிடம் மிஞ்சியிருந்த ரெண்டு ஏக்கரையும் எடுத்துக்கொண்டது. விலை போடுவதற்குச் சுற்றுவட்டாரத்தில் நடந்த கிரயத்தைத் தேடினார்கள். அந்தப் பக்கத்துக்கே இருந்த ஒரே பத்திரம் எங்களுடையது. அதை வைத்து ஏக்கர் நானூறு என்று போட்டுவிட்டார்கள். போதாது என்று அவனும் கோர்ட்டுக்குப் போனான், நாங்களும் போனோம். ரெண்டையும் சேர்த்தே விசாரிப்பதாகச் சொன்னார்கள்.

"வித்தவ நீ. ஏக்கர் ரெண்டாயிரத்துக்குப் பேசுனதை நீ வந்து சொன்னாத்தான் எடுபடும்னு வக்கீல் சொல்றாரு. ஒன் நெலத்துக்கும் வெல ஏறும்" என்றான்.

"அந்த மீதிப் பணம், மொதலாளி?"

"கோர்ட்டுப் பணம் வரட்டும். மொத வேலையா குடுத்துடறேன்."

இன்னமும் அவனுக்கு மடியை அவிழ்க்க மனம் வரவில்லை. "வர்றேன்" என்றேன்.

என் மகள் முத்தம்மாவுக்குத் தலைகால் புரியவில்லை. பத்தொன்பது வயது. எங்கள் நிலத்துக்கு நாலாயிரம் வந்தால் பக்கத்து ஊரில் ஒன்றரை ஏக்கர் வாங்கிச் சாமை விதைக்கலாம் என்று பேசி வைத்திருந்தாள். என்னோடு கோர்ட்டுக்கும் வந்தாள்.

சத்தியம் வாங்கினார்கள். ராஜேந்திரனின் வக்கீல் எழுந்து, நிலத்தை என்ன விலைக்கு விற்றாய் என்று கேட்டார்.

"ஆயிரத்து அறுநூறுங்க."

"பத்திரத்துல கம்மியா எழுதினாங்க, இல்லியா? நெஜ வெல எட்டாயிரம்தானே?"

"ஆயிரத்து அறுநூறுக்கு மேல ஒரு பைசா வாங்கலீங்க. பத்திரத்துல இருக்கிறதுதான் வெலைன்னு இவரே எங்கிட்ட சொல்லிக்கீறாருங்க."

ஜட்ஜ் என்னை நிமிர்ந்து பார்த்தார். "உன் நிலத்துக்கும் இதே விலைதான் வரும். தெரிஞ்சுதான் சொல்றியாம்மா?"

"தெரியுங்க. எழுதிக்குங்க."

நான் சொன்னதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. ராஜேந்திரனின் முகம் செத்துப்போனதைக் கண்குளிரப் பார்த்தேன். வெளியே வந்ததும், "ஒன் நெலமும் போச்சேடி, பாவி" என்று கத்தினான். "போவட்டும்" என்றேன். நாலு வருஷத்தில் அன்றுதான் நெஞ்சு நிறைய மூச்சு விட்டேன்.

முத்தம்மா பஸ்ஸில் வேறு சீட்டில் போய் உட்கார்ந்தாள்.

தீர்ப்பு வந்தது. ஏக்கர் நானூறு, மாற்றமில்லை. ராஜேந்திரன் மேல்கோர்ட்டுக்கு அலைந்துகொண்டிருக்கிறான், அலையட்டும். ஏரிக்கரை போட ஆள் எடுத்தார்கள். முத்தம்மா தினமும் எங்கள் நிலத்து மண்ணையே வெட்டிக் கூலிக்குச் சுமக்கிறாள். கூண்டில் இன்னொரு தடவை ஏற்றினாலும் நான் அதையேதான் சொல்வேன். ஆனால் சாயங்காலம் அவள் வந்து கையைக் காலைக் கழுவும்போது, சாப்பிட வா என்று கூப்பிட எனக்கு வாய் வருவதில்லை.