இப்போ ஊத்தலாமா?

வெந்த உருளைக்கிழங்கைச் சட்டியோடு மூடிப் பிடித்து ஒரு குலுக்குக் குலுக்கினார் கிளிஃபர்ட். ஓரமெல்லாம் உடைந்து சொரசொரப்பானால்தான் கொழுப்பில் மொறுமொறுவென்று வரும் என்பது மனைவி வின்னியின் உத்தரவு. குலுக்கிய வேகத்தில் மூடி விலகி ஒரு கிழங்கு வெளியே துள்ளி நாற்காலிக்கடியில் உருண்டது. யார்க்‌ஷயர் மலைப்பாதைகளில் காலமெல்லாம் ஒரு கீறல் இல்லாமல் பஸ் ஓட்டிய மனிதருக்கு ஒரு சட்டியை ஒழுங்காகப் பிடிக்க வரவில்லை.

மாடிப்படியின் அடியில் போய் நின்று கத்தினார்.

"வின்னி! கிழங்கு ரெடி. கொழுப்புல போட்டுரலாமா?"

மேலே பலகைத் தரையில் கைத்தடி ஒரு முறை தட்டியது. ஒரு தட்டு என்றால் சரி, இரண்டு என்றால் கூடாது. அவள் குரல் படியிறங்கி வரும் தெம்பை இழந்து சில நாளாகிறது. அதற்காக அதிகாரத்தை விட்டுவிடுவாளா என்ன? குரல் போனால் தடி இருக்கிறது.

வெள்ளிக்கிழமையே பேச்சை ஆரம்பித்துவிட்டாள். "ஞாயித்துக்கிழமை மத்தியானம் மாட்டிறைச்சி வாசனை இல்லாம இந்த வீடு இருந்திருக்கா கிளிஃப்? நான் படுத்துட்டேன்னா அதுவும் படுத்துடணுமா?"

"யாரு சமைக்கறது?"

"நீதான். கை இருக்கில்ல?"

"எனக்கு டீ போடவே தெரியாது வின்னி."

"அது எனக்குத் தெரியாதா? குடிச்சது நான்தானே."

சிரிக்கப் போய் இருமினாள். அவர் முதுகைத் தடவிக்கொடுத்தார். இரண்டு ஸ்பூன் கஞ்சிகூட உள்ளே போகாமல் கிடக்கிறவள், இருமல் அடங்கியதும் ஒரு பந்தயம் வைத்தாள்.

"புட்டிங் நல்லா எழும்பிச்சுன்னா என்னைத் தூக்கிட்டுக் கீழ வா. மேசையில உட்கார்ந்து சாப்பிடறேன். தட்டையா வந்துச்சுன்னா நான் வரமாட்டேன். மானக்கேடு."

அதற்குமேல் கிளிஃபர்டுக்கு வேறொன்றும் வேண்டியிருக்கவில்லை. எதிர் நாற்காலியில் அவள் உட்கார வேண்டும். ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு உப்பு போதவில்லை என்று முகத்தைச் சுளிக்க வேண்டும். காலையிலேயே அந்த நாற்காலியில் இரண்டு தலையணை போட்டுவிட்டார். அவளைத் தூக்குவது பெரிய காரியமில்லை, இப்போதெல்லாம் அவள் எடை ஒரு கோட்டு எடைதான். ஏங்கி ஏங்கி அந்த நாற்காலியைப் பார்த்துக்கொண்டே கேரட் சீவியதில் விரலையும் கொஞ்சம் சீவிக்கொண்டார்.

இறைச்சி வெந்து வெளியே வந்தது. அதை உடனே வெட்டினால் சாறெல்லாம் ஓடிவிடும். துணி போர்த்தி ஓரமாக வைத்தார். இனி புட்டிங். பெயர்தான் அப்படி, இனிப்பில்லாத பலகாரம். மாவு, முட்டை, பால் கலந்த கரைசலைப் புகையும் மாட்டுக் கொழுப்பில் ஊற்றினால் அது பொங்கி எழும். இந்தப் பக்கத்துக் குடும்பங்களில் ஒரு பெண்ணின் பெயர் நிற்பதும் விழுவதும் அந்த எழும்பலில்தான்.

"வின்னி! கொழுப்பு காஞ்சிருச்சுன்னு நினைக்கறேன். இப்போ ஊத்தலாமா?"

இரண்டு தட்டு. கீழேயிருந்து வருகிற வாசனையை வைத்தே அவளுக்குத் தெரிந்திருக்கும். சரி என்று காத்திருந்தார். கொழுப்பு ஊற்றிய குழித்தட்டிலிருந்து நீலமாகப் புகை கிளம்பிக் கண் எரிந்தது.

"இப்போ?"

கொஞ்சம் தாமதமாக, மெதுவாக, ஒரே ஒரு தட்டு.

குழி குழியாகக் கரைசலை ஊற்றினார். கொழுப்பு சீறியது. ஓவன் கதவை மூடினார். வீடே பற்றி எரிந்தாலும் அந்தக் கதவைத் திறக்கக் கூடாது, திறந்தால் புட்டிங் அப்படியே உட்கார்ந்துவிடும்.

"ஊத்திட்டேன் வின்னி! கேட்டுச்சா?"

சத்தமில்லை.

"வின்னி?"

கையைத் துடைத்துக்கொண்டே படியேறினார். தடி போர்வையின்மேல் கிடந்தது. அவள் விரல்கள் அதன்மேல் லேசாக இருந்தன. முகம் கதவுப் பக்கம் திரும்பியிருந்தது. கன்னத்தைத் தொட்டார், வெதுவெதுப்பாகத்தான் இருந்தது. மூக்கருகே கையை வைத்துப் பார்த்தார். பிறகு கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். இன்னொரு தடவையும் கூப்பிட்டார். ஜன்னல் கண்ணாடியில் மழை வழிந்துகொண்டிருந்தது.

அடுப்படி வாசனை மாறியது அவருக்குத் தெரிந்தது. கருகவிட்டால் அவள் மன்னிக்க மாட்டாள் என்றுதான் அந்த நிமிஷம் தோன்றியது. எழுந்து கீழே போனார். கதவைத் திறந்தால், புட்டிங் ஒவ்வொன்றும் தட்டுக்கு மேலே பொன்னிறமாக எழும்பி, மேல் கம்பியில் முட்டிக்கொண்டு நின்றது. வின்னியே இவ்வளவு உயரமாகச் செய்ததில்லை.

பின்கதவு திறந்தது. மகள் லொரெய்ன், லீட்ஸ் பஸ்ஸில் வந்தவள், நனைந்த கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

"தெரு முனையிலயே வாசனை தூக்குதுப்பா! யாரு, பக்கத்து வீட்டம்மா வந்தாங்களா?" ஓவனைப் பார்த்தாள். "ஐயோ! நீயா பண்ணின? இரு, அம்மாகிட்ட காட்டிட்டு வரேன்."

"முதல்ல உட்காரு." ஒரு புட்டிங்கை எடுத்து அவள் தட்டில் வைத்தார். "ஆறினா அமுங்கிடும். சாப்பிடு."

இறைச்சிக்கு முன்னால் புட்டிங்கை மட்டும் கிரேவி ஊற்றிச் சுடச்சுடத் தின்பதுதான் அந்த வீட்டு வழக்கம். அவள் உட்கார்ந்து ஒரு வாய் போட்டாள். போட்டவள் வாய் நிறைய வைத்துக்கொண்டே மாடியைப் பார்த்துக் கத்தினாள்.

"அம்மா! உன் வேலை போச்சு! அப்பா உன்னைத் தூக்கிச் சாப்பிட்டுட்டாரு!"

புட்டிங் எழும்பிவிட்டது என்று யாராவது வின்னியிடம் சொல்ல வேண்டும் என்றுதான் அவர் ஏங்கிக்கொண்டிருந்தார். சொல்லியாகிவிட்டது.

"அம்மாவுக்குக் குடுத்தியா?"

"லொரெய்ன்." மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "அம்மா போயிட்டா கண்ணு. ஊத்தச் சொன்னா. ஊத்திட்டுக் கூப்பிட்டேன்."

அவள் முள்கரண்டி நின்றது. "தெரிஞ்சுகிட்டேவா என்னைத் தின்ன வெச்ச?"

"ஆறிடும்னு..." என்றார்.

நாற்காலியைத் தள்ளிவிட்டு அவள் படியேறி ஓடினாள். மேலே காலடிச் சத்தம் நின்றது. பிறகு அழுகை. கிளிஃபர்ட் குனிந்து நாற்காலிக்கடியில் உருண்டிருந்த கிழங்கை எடுத்தார்.

ரொம்ப நேரம் கழித்து இறங்கி வந்தாள். கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டினாள். டாக்டருக்குப் போன் செய்தாள். பிறகு தன் இடத்தில் உட்கார்ந்து, அமுங்கிப்போன புட்டிங்கை ஆடை படிந்த கிரேவியோடு ஒரு துணுக்கு விடாமல் தின்றாள். தட்டை முன்னால் நகர்த்தினாள்.

"வெட்டுப்பா."

அவர் துணியை விலக்கிக் கத்தியை எடுத்தார். முதல் துண்டு சாய்ந்து விழுந்தது. நடுவில் இளஞ்சிவப்பு, ஓரம் கருப்பு. அதைக் கத்தியில் ஏந்தியபடி, கை அதன் பாட்டுக்கு எதிர் நாற்காலிப் பக்கம் போய் நின்றது.

"சமைச்சவங்களுக்குத்தானே முதல் துண்டு," என்றாள் லொரெய்ன். "உன் தட்டுல போட்டுக்கப்பா."

போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். இறைச்சியின் சாறு தட்டில் மெதுவாகப் பரவியது.