தெமோதரையில் ஒப்பாரிக் காட்சி

சினிமாவில் அவள் பெயர் ஹேமலதா. தெமோதரைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்தில் மட்டும் இன்னும் பெரியாயிதான். சில சினிமாப் படங்கள், டெலிவிசன் வந்தபிறகு நாடகங்கள் என்று அவள் அழாத அழுகை கிடையாது. புருஷனுக்கு அழுதாள், பிள்ளைக்கு அழுதாள், ஒரு படத்தில் செத்துப்போன மாட்டுக்குக்கூட அழுதாள். பெற்ற அப்பனுக்கு அழ மட்டும் கொடுத்துவைக்கவில்லை, பாவி மகளுக்கு!

அப்பா முருகையா செத்தபோது அவள் கொழும்பில் ஷூட்டிங்கில் இருந்தாள். தந்தி பிந்திக் கிடைத்து, ரயிலேறி வந்து சேர்ந்தபோது குழியை மூடிவிட்டிருந்தார்கள். தோட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. சாவு வீட்டுக்குப் பிந்தி வருகிறவள் வாசலில் குரலெடுத்தால், உள்ளே இருக்கிற பெண்கள் ஓடிவந்து கழுத்தைக் கட்டிக்கொண்டு கூடவே அழ வேண்டும். பகையாளியானாலும் சரி, ஒருத்தியைத் தனியாக ஒப்பாரி வைக்க விடக் கூடாது. ஆனால் அம்மா மாரியாயி அன்றைக்கு எழுந்து வரவில்லை. சுவரில் சாய்ந்தபடியே கேட்டாள்:

"அழ வந்தியா, நடிக்க வந்தியா?"

பெரியாயி எடுக்க வந்த ஒப்பாரியை அங்கேயே விழுங்கிக்கொண்டாள். அதற்குப் பிறகும் வருவாள், அம்மாவுக்குச் சேலை கொண்டுவருவாள். "சாப்பிட்டியா?" "ஆமாங்கம்மா." அதோடு சரி. அந்தக் கழுத்தைக் கட்டிக்கொண்டு ஒரேயொரு தடவை அழுதுவிட்டால் போதும் என்று நெஞ்சு கிடந்து அடித்துக்கொள்ளும். கேட்டு வாங்குகிற பண்டமா அது?

இப்போது டைரக்டர் தாஸிம் கேமராவும் ஆட்களுமாக வந்து இறங்கியிருப்பது அதே தோட்டத்தில், அதே லயத்து வாசலில். தோட்டத் தொழிலாளி செத்துப்போகிறான், பெண்டாட்டியாகப் பெரியாயி அழ வேண்டும். இதுதான் காட்சி. பிணமாகப் படுக்கப் பதுளை ஜவுளிக்கடை ஹுமைத் வந்திருந்தார். டெலிவிசனில் தலைகாட்ட அவருக்கு அப்படியொரு ஆசை. பிணமென்றாலும் பரவாயில்லையாம்!

ஞாயிற்றுக்கிழமை, யாருக்கும் வேலை இல்லை. பெண்களெல்லாம் வேடிக்கை பார்க்கக் கூடிவிட்டார்கள். தாஸிம் குறுக்கே ஒரு கயிற்றைக் கட்டி, "இதத் தாண்டி யாரும் வரக்கூடாது" என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். கூட்டத்தின் ஓரத்தில் மாரியாயியும் நின்றாள்.

கேமரா ஓடத் தொடங்கியதும் பிணம் தும்மியது.

"செத்தவருக்குத் தடுமலாம்டி!" என்றாள் ஒருத்தி. லயமே சிரித்தது. மாரியாயி மட்டும் சிரிக்கவில்லை.

மறுபடி ஆரம்பித்தார்கள். எழுதிக் கொடுத்த வசனம் 'என் வாழ்வின் ஒளியே' என்று தொடங்கியது. எந்த லயத்தில் அப்படி அழுவார்கள்? பெரியாயிக்கு நாக்கே புரளவில்லை.

"சார், எங்க ஆளுங்க மாதிரியே அழட்டுங்களா?"

"சரி, அழுங்க."

அவள் தலைமுடியை அவிழ்த்துவிட்டாள், பிணத்தின் பக்கத்தில் உட்கார்ந்து தன் மாரில் கை வைத்தாள். 'ராசா' என்று புருஷனைக் கூப்பிட வேண்டிய இடம். ஆனால் வாய் திறந்ததும் வந்தது வேறு.

"கவ்வாத்துக் கத்தி புடிச்ச கையால
கன்னத்தத் தொட்டீங்களே,
என்னப் பெத்த அப்பா,
கடைசி மொகம் காட்டாமப் போனீங்களே..."

தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டுவதில் முருகையாவுக்கு அந்தத் தோட்டத்தில் நிகர் கிடையாது. பெண்களின் சிரிப்பு நின்றது. பெரியாயிக்குக் கேமராவும் தெரியவில்லை, தாஸிமும் தெரியவில்லை. இத்தனை வருஷமாக அடைத்துக் கிடந்தது மடை உடைத்துக்கொண்டு வந்தது.

கயிற்றை முதலில் தாண்டியவள் மாரியாயி. தாண்டவா செய்தாள், கயிற்றையும் இழுத்துக்கொண்டே வந்து விழுந்தாள். மகள் கழுத்தைக் கட்டிக்கொண்டு பதில் ஒப்பாரி எடுத்தாள்.

"வாசலப் பாத்தபடி போனாரே ஒங்கப்பா,
வந்த மகள வான்னு சொல்லலியே நானு,
எம்மவளே, தனியா அழ விட்டேனே..."

அவ்வளவுதான், லயத்துப் பெண்கள் அத்தனை பேரும் வந்து சூழ்ந்துகொண்டார்கள். ஹுமைத் எழுந்து உட்கார்ந்து தோளில் கிடந்த துண்டால் கண்ணைத் துடைத்தார். தாஸிம் "கட், கட்!" என்று கத்திப் பார்த்தார். ஒருவரும் காதில் வாங்கவில்லை. கடைசியில் கிட்ட வந்து குனிந்தார்.

"அம்மா, இது நாடகம். எழும்புங்க."

மாரியாயி நிமிர்ந்து பார்த்தாள்.

"கொஞ்சம் பொறுங்க தம்பி. எம்புள்ள இன்னும் அழுது முடிக்கல."

சொல்லிவிட்டு, மகளின் தலையைத் தன் தோளிலேயே அழுத்திக்கொண்டாள்.