கடைசிக் கம்பத்து ஹலோ

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதையை எழுதும் எண்ணமே எனக்குக் கிடையாது. தலைநகரின் பெரிய சாலையைப் பற்றி ஒரு கட்டுரை கேட்டிருந்தார்கள். இரண்டு பக்கமும் மரங்கள், ஒரு கோடியில் கல் வளைவு, மறு கோடியில் மணிக்கூண்டு. அரசாங்கம் அணிவகுப்பு நடத்துவதும் அங்கேதான், அரசாங்கம் ஒழிக என்று ஜனங்கள் கத்துவதும் அங்கேதான். வளைவுக்குப் பக்கத்தில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்து முதல் வரியை எழுதினேன்: 'ஒரு நாட்டின் மனசாட்சி அதன் பிரதான சாலையில்தான்

அந்த நேரம் பார்த்துத் தலைக்கு மேலே, "ஹலோ... ஹலோ... மைக் டெஸ்டிங்..." என்று ஸ்பீக்கர் அலறியது. மனசாட்சி ஓடியே போய்விட்டது.

எரிச்சலோடு திரும்பினேன். மேடையில் ஓர் ஆள் மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஒவ்வொரு 'ஹலோ'வுக்கும் பிறகு நெற்றியில் கையை வைத்து, சாலையின் மறு கோடியைப் பார்த்தார். அங்கே யாரும் இல்லை. கம்பத்தில் ஒயர் கட்டிக்கொண்டிருந்தவரிடம், "யாரைப் பாக்கிறாரு?" என்று கேட்டேன்.

"அந்தக் கோடியில அவங்க அக்கா வீடு சார். பேச்சுவார்த்தை இல்ல."

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். இனி வருவதெல்லாம் என் சொந்தச் சமையல்.

2

'அக்கா பால்கனியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தபோது

(வேண்டாம். நம் கதைகளில் பெண்கள் காயப்போட்ட துணி போதும். அவளுக்கு ஒரு வேலை கொடுப்போம்.)

அக்கா, காது மூக்கு தொண்டை டாக்டர் ஒருவரிடம் வரவேற்பறையில் உட்கார்ந்து நோயாளிகளுக்கு டோக்கன் கொடுக்கிறவள். (கதைக்கு இது எவ்வளவு வசதி என்று நீங்கள் சிரிப்பது தெரிகிறது. சிரித்துக்கொள்ளுங்கள், பிறகு சிரிக்க முடியாது.) அவள் வீடு மணிக்கூண்டுக்கு முன்னால், இரண்டாவது மாடி. சாலையின் கடைசி விளக்குக் கம்பம் அவள் பால்கனிக்கு நேர் எதிரே.

மைக் செட் தொழிலில் மேடையிலிருந்து பேசினால் கடைசி ஸ்பீக்கரில் கேட்கிறதா என்று அங்கே நின்று ஒருவர் சைகை காட்டவேண்டும். ஆள் இல்லையென்றால் அவ்வளவு தூரமும் நடக்கவேண்டியதுதான். தம்பி தொழில் ஆரம்பித்த காலத்தில் ஆள் வைக்க வழியில்லை. அக்காதான் பால்கனியில் நின்றாள். "அக்கா, கேட்குதா?" என்று அவன் சாலை முழுக்க அலறுவான். அவள் ஒரு மஞ்சள் துண்டைத் தூக்கி ஆட்டுவாள். அந்த வட்டாரத்தில் அவளுக்குத் துண்டக்கா என்றே பெயர்.

"துண்டக்கா, இன்னிக்கு யாரு கூட்டம்? வாழ்கவா, ஒழிகவா?" என்று கீழே டீக்கடைக்காரர் கேட்பார்.

"எதுவா இருந்தா என்ன, என் தம்பி மைக்குதான்!" என்பாள். அதில் அவளுக்கு அப்படி ஒரு பெருமை.

3

இனிச் சண்டை. அக்காவின் கணவர் பஸ் டிரைவர். டிரைவர்கள் எல்லாம் சேர்ந்து அந்தச் சாலையில் ஒரு நாள் ஆர்ப்பாட்டம் நடத்தினார்கள். வாயில்லாப் பூச்சியான மனிதரை எப்படியோ பேச ஒப்புக்கொள்ள வைத்துவிட்டார்கள். ஒரு வாரம் கண்ணாடி முன் நின்று ஒத்திகை பார்த்தார். மைக் யாருடையது என்று சொல்லவேண்டியதில்லை. அக்கா துண்டோடு பால்கனியில் நின்றாள்.

"தோழர்களே, நமக்கு வேண்டியது ஒண்ணே ஒண்ணுதான்..." என்றார் கணவர். மைக் செத்துப்போனது.

கூட்டத்தில் விசில் அடித்தார்கள். மேடைக்குப் பின்னால் போலீஸ்காரர்கள் நின்றிருந்தார்கள். அவர் கொஞ்ச நேரம் வாயை மட்டும் அசைத்துவிட்டு இறங்கிவிட்டார். அதற்குப் பிறகு எந்த மேடையிலும் ஏறவில்லை. அந்த ஒன்றே ஒன்று என்னவென்று அவரிடம் யாரும் கேட்கவும் இல்லை.

"ஃப்யூஸ் போயிடுச்சுக்கா, சத்தியமா," என்றான் தம்பி.

"மறுநாள் அரசாங்க விழாவுக்கும் உன் செட்டுதானே? அதுல மட்டும் எந்த ஃப்யூஸும் போகலையே?"

"போலீஸ்காரன் பக்கத்துல நின்னு மிரட்டினா நான் என்னதான்க்கா பண்ணுவேன்?"

"அப்ப நீதான் அமுக்கினே!"

"நான் அப்படிச் சொன்னேனா?"

"இனிமே உன் மைக்கும் வேணாம், நீயும் வேணாம். போடா!"

கணவரோ, "விடும்மா, ஃப்யூஸ்தான் போயிருக்கும். அவன் நம்ம பிள்ளை மாதிரி," என்றார். "உங்களுக்கு ரோஷமே கிடையாதா?" என்று அவர்மீதும் பாய்ந்தாள். அடுத்த வருடம் அவர் தூக்கத்திலேயே போய்விட்டார். இறுதிச் சடங்குக்கு வந்த தம்பியிடம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கணவர் விட்டுப்போனதென்று அவள் பொத்திப் பொத்தி வைத்திருந்த கோபம் உண்மையில் அவருடையதே இல்லை.

(ஃப்யூஸா, தம்பியின் கையா? நியாயமான கேள்வி. முதல் வரைவில் ஃப்யூஸ் என்று எழுதினேன். தம்பி உத்தமனாகிவிட்டான், அக்கா அரக்கியாகிவிட்டாள். இரண்டாவது வரைவில் கை என்று எழுதினேன்; அக்கா சொன்னதே சரியாகிவிட்டது, கதைக்கு வேலையில்லை. பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவைத்தேன். நான் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்த நேரமெல்லாம் கதைக்குள்ளே அவளுக்கு வருடங்களாக ஓடியிருக்கிறது. அதுதான் என் மனதை அரிக்கிறது.)

4

தம்பி கடைசி ஸ்பீக்கரை அந்தக் கம்பத்தை விட்டு மாற்றவில்லை. கூட்டத்துக்குக் கூட்டம் ஹலோ சொன்னான், பார்த்தான். உள்ளே காய் நறுக்கிக்கொண்டே அக்கா, "கேட்குது, கேட்குது, எனக்கென்ன காது செவிடா?" என்று முணுமுணுப்பாள். பதில் சொல்வாளே தவிர எழுந்து போகமாட்டாள். துண்டு அலமாரியில் மடித்தபடியே கிடந்தது. தான் ஆடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்கள். அவள் சதையும் ஆடியது, கால்தான் ஆடவில்லை.

ஒரு மழைக்காலத்தில் அந்த ஹலோ கம்மியது. சளி பிடித்திருக்கும் என்று நினைத்தாள். அடுத்த கூட்டத்திலும் கம்மியது. அதற்கடுத்த கூட்டத்தில், தகரத்தைத் தரையில் இழுத்தமாதிரி வந்தது. சாலையில் போன அத்தனை பேர் காதிலும் அது விழுந்தது. மைக் டெஸ்டிங்கை யார் கவனித்துக் கேட்கிறார்கள்? அவள் ஒருத்திதான் கேட்டாள்.

(நான் பெஞ்சில் கேட்ட குரலும் லேசாகக் கம்மித்தான் இருந்தது. ஸ்பீக்கர் சரியில்லை என்று நினைத்துக்கொண்டேன்.)

மருத்துவமனைச் சுவரில் ஒரு பலகை: 'குரல் கம்மல் மூன்று வாரத்தில் சரியாகாவிட்டால் உடனே காட்டவும்.' தினமும் அதைத் துடைக்கிறவளே அவள்தான்.

"டாக்டர், எனக்குத் தெரிஞ்ச ஒருத்தருக்கு ரொம்ப நாளாத் தொண்டை கட்டியிருக்கு," என்றாள்.

"கூட்டிட்டு வாங்க. தள்ளிப்போடாதீங்க."

"வரமாட்டாங்க டாக்டர்."

"வரமாட்டாங்களா, நீங்க கூப்பிடலையா?"

அவள் அடுத்த டோக்கனைக் கூப்பிட்டாள்.

'அன்று மாலையே அவள் படியிறங்கி நேராகத் தம்பி வீட்டுக்கு

எழுத வரவில்லை. படிவரைக்கும் வந்தாள், நின்றாள். 'அவனுக்குப் பொண்டாட்டி இருக்கா, பாத்துக்க மாட்டாளா? முதல்ல அவன் வரட்டும்.' நான் முதுகில் கைவைத்துத் தள்ளியிருக்கலாம். ஒரு வரி போதும், எழுதுகிறவனுக்கு அந்த அதிகாரம் உண்டு. இன்னும் கொஞ்சம் இழுத்தால் கதை நன்றாக இருக்கும் என்று நான் நினைத்தேன், இன்னும் கொஞ்சம் இழுத்தால் அவன் இறங்கி வருவான் என்று அவள் நினைத்தாள். இரண்டு பேரும் முட்டாள்கள்.

5

பிறகு சாலையில் சில மாதங்கள் அவன் செட்டே கட்டப்படவில்லை. வேறு யாரோ வந்து வேறு கம்பங்களில் கட்டினார்கள். மறுபடி கடைசிக் கம்பத்தில் ஸ்பீக்கர் ஏறிய அன்று மதியம் அக்கா கையைத் துடைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

"அலோ... அலோ... கேக்குதுங்களா?"

பெண் குரல். தம்பி மனைவியின் குரல். பாவம், மைக்கைக் கண்டாலே ஓடி ஒளிகிறவள்.

அக்கா கதவைப் பூட்டினாளா என்று எனக்குத் தெரியாது. தடுப்புக் கம்பிகளுக்கு நடுவே, அடுக்கி வைத்த நாற்காலிகளைத் தாண்டி, கொடி கட்டுகிறவர்களை இடித்துக்கொண்டு, "அந்தப் பக்கம் போகக்கூடாதும்மா" என்ற போலீஸ்காரரையும் விலக்கிவிட்டு ஓட்டமும் நடையுமாகப் போனாள். இத்தனை வருடமும் அந்தத் தூரம் அவ்வளவுதான் இருந்திருக்கிறது.

மேடை ஓரத்தில் தம்பி உட்கார்ந்திருந்தான். கழுத்தில் கட்டு.

"ஆபரேஷன் முடிஞ்சுதுக்கா," என்றாள் மனைவி. "உயிருக்கு ஒண்ணுமில்லைன்னுட்டாங்க. குரல்தான்... இனிமே வராதாம். முன்னாடியே வந்திருந்தா காப்பாத்தியிருக்கலாமாம்."

"எனக்கு ஒரு வார்த்தை சொல்லலையே!"

"எப்படிக்கா சொல்றது?"

அக்கா அவன் முன்னால் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். "எனக்குத் தெரியும்டா. அப்பவே தெரியும். வாயைத் திறக்காம இருந்துட்டேன்டா, பாவி நான்!" என்று தலையில் அடித்துக்கொண்டாள். தம்பி அந்தக் கையைப் பிடித்துக்கொண்டான். ஏதோ சொல்ல வாயைத் திறந்தான். காற்றுதான் வந்தது.

6

முடிவுகள்:

(அ) தம்பி ஒரு காகிதத்தில் 'ஃப்யூஸ்தான்' என்று எழுதிக் காட்டுகிறான். கதாசிரியன் மாட்டிக்கொண்டால் காகிதம் வரும். கிழித்துப் போட்டேன்.

(ஆ) "நிஜமாச் சொல்லு, நீதானா?" என்று அக்கா கேட்கிறாள், அவன் தலையாட்டுகிறான். கேட்கவைத்துப் பார்த்தேன், அவள் கேட்க மறுத்துவிட்டாள். அந்தக் கேள்வி இப்போது அவளுக்கு வேண்டியதில்லை. அது எனக்கும் உங்களுக்கும்தான் வேண்டியிருக்கிறது.

(இ)

கூட்டத்துக்கு ஆட்கள் வர ஆரம்பித்துவிட்டார்கள். "கடைசிக் கம்பத்துல கேக்குதான்னு யாரு பாக்கிறது?" என்று தம்பி மனைவி கையைப் பிசைந்தாள். தம்பி எழுந்தான். மைக்கை அக்காவின் கையில் கொடுத்தான். தோளில் கிடந்த துண்டை எடுத்துக்கொண்டு, மணிக்கூண்டு இருக்கும் திசையைக் காட்டிவிட்டு நடக்க ஆரம்பித்தான். கொஞ்ச தூரம் அவன் முதுகு தெரிந்தது. பிறகு கூட்டம் மறைத்துவிட்டது.

அக்கா இதற்கு முன் மைக்கைத் தொட்டதில்லை. அவன் போய்ச் சேர்ந்திருப்பான் என்று தோன்றும்வரை காத்திருந்தாள். அப்புறம், அந்தச் சாலை முழுக்க அவள் குரல் கேட்டது.

"தம்பி... கேட்குதாடா?"

நெற்றியில் கையை வைத்துப் பார்க்கிறாள். நானும் பார்க்கிறேன். கொடிகளும் தூசியுமாக இருக்கிறது, என் பெஞ்சிலிருந்து ஒன்றும் தெரியவில்லை. தெரியாததை எழுதி இதுவரை செய்த கெடுதல் போதும். நீங்கள் கதையின் கடைசிக் கம்பத்தில் நிற்கிறீர்கள், அவன் உங்களுக்குப் பக்கத்தில்தான் நிற்கவேண்டும். துண்டை ஆட்டுகிறானா என்று பாருங்கள். கூட்ட நெரிசலில் அவன் இன்னும் வந்து சேரவில்லையென்றால், உங்கள் காதில் விழுந்ததற்காகவாவது நீங்கள் கையைத் தூக்கிவிடுங்கள். நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று மட்டும் இருந்துவிடாதீர்கள்.