கொடும்பாவி வேஷம்

முனிவேல் எழுதிய நாடகம் எதையும் கெலமங்கலம் கடைசிவரை கேட்டதில்லை. செத்தவனைப் பஞ்சாயத்தில் நிறுத்தி, ஏன் சொல்லாமல் செத்தாய் என்று அபராதம் போடும் நாடகத்துக்குச் சாணி பறந்தது. மாப்பிள்ளை வராததால் பெண்ணை நாற்காலிக்குக் கட்டிவைக்கும் நாடகத்துக்குச் செருப்பு வந்தது. சிரிக்கத் தெரியாத சனியன்கள் என்று அவன் ஊரைத் திட்டினான். ஊர் அவனைப் பைத்தியம் என்றது. இரண்டு தரப்பும் சொன்னதை மாற்றிக்கொள்ளவில்லை.

ஒரே ஒரு நாடகத்தையாவது இவர்களைக் கடைசி வசனம்வரை கேட்க வைத்துவிட வேண்டும். அந்த வைராக்கியத்தில்தான், ஐம்பத்திரண்டாம் வருஷம் மழை பொய்த்தபோது, கொடும்பாவி நாடகத்தை எழுதினான். மழை இல்லையென்றால் வைக்கோலில் பாவியின் உருவம் செய்து, ஒப்பாரி வைத்துத் தெருத்தெருவாக இழுத்துப்போய்ச் சுடுகாட்டில் கொளுத்துவது அங்கே வழக்கம். நாடகத்தில் அந்த வைக்கோல் பாவி வாயைத் திறந்து, இழுக்கிறவர்களின் பாவங்களை எடுத்துவிடும். இந்த வேஷத்துக்கு எவனும் ஒப்புக்கொள்ளவில்லை. முனிவேலே உடம்பெல்லாம் வைக்கோல் கட்டிக்கொண்டு மேடையில் படுத்தான்.

பொழுது சாயும் நேரம். அவனைக் கட்டியிருந்த கயிறு அசைந்ததுதான் தாமதம், முன்னால் உட்கார்ந்திருந்த நாராயணம்மா மாரில் அடித்துக்கொண்டு ஒப்பாரியை ஆரம்பித்துவிட்டாள். கொடும்பாவி கிளம்பிவிட்டால் யாரும் சும்மா பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது. மற்றப் பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். ஆண்கள் மேடையேறிக் கயிற்றைப் பிடித்தார்கள். அவனுடைய முதல் வசனமே யார் காதிலும் விழவில்லை.

தெருக்கல்லில் முதுகுத் தோல் உரிந்தது. "நான் முனிவேலுடா! விடுங்கடா!" என்று அலறினான்.

"தெரியுது, கம்முனு கெட" என்றார் முன்னால் இழுத்துக்கொண்டு போன ஊர்ப் பெரியதனக்காரர் ராமப்பன். "மழ பெய்யாததுக்கு உன்ன உட்டா வேற எவன் காரணம்?"

சுடுகாட்டில் அவனை விறகின்மேல் தூக்கிப் போட்டுவிட்டுத் தீப்பெட்டியைத் தேடும்போது சடசடவென்று மழை பிடித்துக்கொண்டது. எல்லாரும் கும்மாளம் போட்டுக்கொண்டு வீட்டுக்கு ஓடினார்கள். கயிற்றை அவிழ்த்துவிட ஒரு நாய்க்கும் தோன்றவில்லை. அவன் மனைவி சாந்தம்மாதான் நனைந்துகொண்டே வந்தாள்.

"நீயுமாடி அழுத?"

"அழுவாம? கெணறு வத்திக் கெடக்குது. உங்க வசனத்த எறச்சா பயிருக்குப் பாய்ச்ச முடியும்?"

அடுத்த வாரம் பாரூரிலிருந்து திம்மராயன் என்ற விவசாயி, தட்டில் வெற்றிலை பாக்கோடு வந்து நின்றார். ஏரி காய்ந்து கிடக்கிறதாம். எங்கள் ஊருக்கும் நீங்கள் வர வேண்டும் என்றார்.

"நாடகத்த முழுசாக் கேப்பீங்களா?"

"நாடகமெல்லாம் எதுக்குங்க? நீங்க படுத்துக்கிட்டாப் போதும். வாயில மட்டும் துணி வெச்சுக் கட்டிருவோம். இங்க ரொம்பக் கத்துனீங்களாமே!"

அந்த ஆளின் கழுத்தை நெரித்துவிடலாம் போலிருந்தது முனிவேலுக்கு. அந்த வெற்றிலையையும், பாரூரையும், பெய்து தொலைத்த மழையையும் அடிவயிற்றிலிருந்து வெறுத்தான். ஆனால் எழுத ஆரம்பித்த நாளிலிருந்து, ஒரு ஊர் தாம்பூலம் வைத்து அவனை அழைப்பது இதுதான் முதல் தடவை.

வெற்றிலையை எடுத்துக்கொண்டு, "என்னிக்கு?" என்று கேட்டான்.